நீ வாங்கிய நன்மை

என் உயிரான ஸ்டெல்லாவுக்கு,

போன ஞாயிறு கோயிலில் நம் ரீட்டாவுக்குப் புது நன்மை கொடுத்தார்கள். வெள்ளை கவுன், தலையில் பூக்கிரீடம், கையில் மெழுகுதிரி. பார்க்க நீ இல்லையே என்று உன் தங்கைகள் அழுதார்கள். எனக்கு அழுகை வரவில்லை, வயிறுதான் எரிந்தது. பெற்ற மகள் மேலேயே பொறாமைப்படுகிறவன் ஊரில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

குடியாத்தத்தில் லுங்கி நெய்கிற வீட்டுப் பிள்ளைக்கு உங்கள் கோயில் பேச்சு என்ன புரியும்? தொண்ணூறுகளில், நமக்குக் கல்யாணமான புதிதில், "நன்மை வாங்கிட்டு வர்றேங்க" என்று நீ பூசைக்குக் கிளம்பினாய். அரிசி, எண்ணெய் ஏதோ கொடுக்கிறார்கள்போல என்று நினைத்து, நான் பையை எடுத்து நீட்டினேன். நாள் முழுக்கச் சிரித்தாய். பூசையில் கொடுக்கிற அப்பத்தைத்தான் நாங்கள் நன்மை என்போம், அதில் ஆண்டவரே வருகிறார் என்று அப்புறம் விளக்கினாய்.

வரட்டும், எனக்கென்ன? ஆனால் அதை வாங்கிக்கொண்டு திரும்பும்போது உன் முகம் இருக்குமே, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. ஆம்பூர் ஷூ கம்பெனியில் ஓவர்டைம் பார்த்து நான் எடுத்துக் கொடுத்த பட்டுப்புடவைக்குக்கூட அந்த முகம் வரவில்லை. கோயிலில் உனக்குத் துணையாக உட்கார்ந்திருக்கும் என் பக்கத்தில் வந்து முழங்காலில் நிற்பாய், என்னைத் திரும்பியும் பார்க்க மாட்டாய். அந்தக் கொஞ்ச நேரம் நீ யார் மனைவி?

கடைசியில், புற்றுநோய் முற்றி வேலூர் ஆஸ்பத்திரியில் கிடந்தாயே, அப்போது மட்டும் என்ன? நான் ஸ்பூனில் ஊட்டிய கஞ்சி உன் தொண்டையில் இறங்கவில்லை. உங்கள் கோயில் சாமியார் வந்து, நகத்தளவு அப்பத்தைத் தண்ணீரில் நனைத்து நாக்கில் வைத்தார். அது இறங்கியது. எல்லோரும் நன்றி சொல்லி ஜெபித்தார்கள், நான் வராந்தாவில் போய் நின்றுகொண்டேன். என் கையால் இறங்காதது அவர் கையால் எப்படி இறங்கியது ஸ்டெல்லா? இன்னும் எனக்கு ஆறவில்லை.

இப்போது ரீட்டாவின் முறை. நன்மை என்பது தனித்தனியாக வாங்குவதில்லை, எல்லோருக்கும் ஒரே பந்தி, இருக்கிறவர்களும் இறந்தவர்களும் அதில் சேர்ந்து சாப்பிடுகிறார்கள், அம்மாவும் அங்கே இருப்பாள் என்று கோயிலில் வகுப்பெடுத்த சிஸ்டர் சொல்லிக் கொடுத்திருக்கிறார். அப்படியென்றால் அவளுக்கு இனி வாராவாரம் உன்னோடு சாப்பாடு. எனக்கு?

பூசை முடிந்து பிரியாணிக் கடைக்குக் கூட்டிப் போனேன். என் தட்டிலிருந்த கறித்துண்டுகளை அவள் தட்டுக்கு மாற்றிக்கொண்டே, வெட்கத்தை விட்டுக் கேட்டேன்.

"அம்மா என்னப் பத்தி எதுனா கேட்டாளா?"

அப்பம் வாயில் இருக்கும்போது பேசக்கூடாது என்றாள். கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னாள்:

"மனசுக்குள்ள நான்தான் சொன்னேன்ப்பா. அப்பாவுக்கு ஒரு எடம் புடிச்சி வைம்மான்னு."

அதற்குமேல் எனக்குச் சோறு இறங்கவில்லை.

ஞானஸ்நானம் வாங்கி வருவேனா, இப்படியே வருவேனா, எனக்கே தெரியாது. ஆனால் வருவேன், இது சத்தியம். அதுவரை உன் பக்கத்தில் யாரையும் உட்கார விடாதே. ஆண்டவரே வந்து கேட்டாலும், ஆள் வருகிறது என்று சொல்லிவிடு.

உன் பொறாமைக்காரப் புருஷன்,
ரீட்டாவின் அப்பா