கோட்டில் ஒரு மேடு

12-6-1982, சனி

டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் காலை டூட்டி. களம்பூர் லைன் மதியம் வரை செத்துக் கிடந்தது. நிம்மதி.

சங்கத்துக்குப் போன ஜெயவேல் அரை மணியில் திரும்பிவிட்டார். என் வீட்டுக்காரருடைய தம்பி, பட்டுத் தறி நெய்கிறவர். நெசவாளர் சங்கக் கட்டிடத்தில் மெட்ராஸிலிருந்து ஒரு அம்மா மெஷினோடு வந்து இறங்கியிருக்கிறார். தலையில் கம்பிகளை ஒட்டி, மூளையில் ஓடும் மின்சாரத்தைக் காகிதத்தில் கோடாக வரைகிறாராம். நெய்கிறவன் இழை எண்ணும்போது மூளை என்ன செய்கிறது என்று ஆராய்ச்சி. பெரிய இடத்து டாக்டரைப் பார்க்கப் போகிறோம் என்று கூப்பிட்டிருந்த நெசவாளர் பன்னிரண்டு பேரும் எண்ணெய் தேய்த்துத் தலை முழுகிப் போயிருக்கிறார்கள். சனிக்கிழமை வேறு. எண்ணெய்த் தலையில் கம்பி ஒட்டாது. பன்னிரண்டு பேரையும் திருப்பி அனுப்பிவிட்டார்.

கட்டிலில் கிடக்கும் இவருக்குக் குழாயில் கஞ்சி மூன்று வேளை. முதுகுப் புண் ஆறி வருகிறது.

14-6-1982

ஜெயவேல் சீயக்காய் போட்டுத் தேய்த்துக்கொண்டு போனார். சாயங்காலம் இவர் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, பீடி பற்றவைத்துக்கொண்டு கதை சொன்னார்.

"டேப்புல பொம் பொம்னு வந்துகினே இருக்குது அண்ணி. நடுநடுல கீச்சுனு ஒண்ணு. அதை மட்டும் மனசுக்குள்ள எண்ணணும். எண்ணினா கோட்டுல ஒரு மேடு வருமாம். எண்ணாம குந்திகினு இருந்தா வராது. ஏமாத்தினா மெட்ராஸ் கம்ப்யூட்டர்ல தெரிஞ்சிடுமாம்."

"வாயைத் திறந்து எதுவும் சொல்ல வேணாமா?"

"ஒண்ணும் வேணாம். பொணமாட்டம் படுத்துகினு இருந்தாலே போதும்."

சொல்லிவிட்டுக் கட்டிலைப் பார்த்தார். பீடியை அணைக்கவில்லை.

15-6-1982

வந்தவாசி லைன் கேட்டவருக்குத் தேசூரைக் கொடுத்துவிட்டேன். அவரும் பத்து நிமிஷம் பேசினார்.

17-6-1982

சங்கத்துக்குப் போய் அந்த அம்மாவைப் பார்த்தேன். எல்லாம் சொன்னேன். பதினாலு மாதத்துக்கு முன் களம்பூர் மில்லில் நின்றுகொண்டிருந்தவர் அப்படியே சாய்ந்தார். மூளையில் ரத்தக் குழாய் அடைப்பு. கை, கால், பேச்சு ஒன்றும் இல்லை. கண் திறந்திருக்கும், எங்கேயோ பார்க்கும். பார்த்த டாக்டர்கள் எல்லோரும் நினைவு கிடையாது என்றார்கள்.

"நான் வைத்தியம் பண்றவ இல்லைங்க. மனோதத்துவம்" என்றார் அந்த அம்மா.

"குணமாக்கச் சொல்லலைங்க. நாம பேசறது அவருக்குக் கேக்குதா, புரியுதா, அது மட்டும் தெரியணும்."

"தெரிஞ்சு என்ன பண்ணப் போறீங்க?"

எழுந்து கும்பிட்டேன். செவ்வாய்க்கிழமை வருவதாகச் சொன்னார்.

20-6-1982

ஏன் தெரிய வேண்டும்? எழுதிவிடுகிறேன்.

பங்குனியில் ஒரு நாள். இரண்டு டூட்டி சேர்த்துப் பார்த்துவிட்டு வந்தேன். கஞ்சிக் குழாய் மூன்றாவது தடவையாக நழுவி, படுக்கையெல்லாம் கஞ்சி. இவர் முகத்துக்கு நேராக நின்று சொன்னேன் — அன்னிக்கே போய்ச் சேர்ந்திருந்தா நானாவது பொழச்சிருப்பேன் — இதே வார்த்தைதான். கத்தவில்லை. நம்பர் கேட்கிற குரலில் சொன்னேன். அதுதான் இன்னும் கேவலம்.

கேட்டிருக்காது என்றுதான் இத்தனை நாள் சோறு இறங்கியது. கேட்காதவரைத்தான் இத்தனை நாள் துடைத்துக்கொண்டிருக்கிறேனா? எது நடந்தால் நான் சந்தோஷப்படுவேன்? தெரியல. சாமி சத்தியமா தெரியல.

22-6-1982, செவ்வாய்

மெஷின் வண்டியில் வந்தது. கட்டில் அதிராமல் இருக்கத் தெருவில் தறியெல்லாம் ஒரு மணி நேரம் நின்றன. யாரும் முணுமுணுக்கவில்லை, வேடிக்கை பார்க்க வந்துவிட்டார்கள். ஆரணியிலேயே பிசுக்கில்லாத தலை இவருடையதுதான் என்றார் அந்த அம்மா. பெருமையாகத்தான் இருந்தது.

பொம் பொம் ஓடியது. அரை மணியில் இவர் தூங்கிவிட்டார். கோட்டில் அது நன்றாகத் தெரிந்ததாம்.

"சத்தம் வேணாம். பெயர்களை வெச்சுப் பார்க்கலாம். தினம் கேட்கிற குரலா இருக்கணும். நீங்க டேப்பில் பேசுங்க. துரை, எல்லப்பன், சுப்பன், சடையப்பன், அருணாச்சலம். கலந்து கலந்து, ஒவ்வொண்ணும் நாற்பது தடவை."

தெருவே சிரித்தது. அந்த அம்மாவுக்குப் புரியவில்லை. கடைசிப் பெயர் இவருடையது. கல்யாணமாகிப் பதினாறு வருஷம், ஒரு தடவை நான் சொன்னதில்லை. ரேஷன் கடையில் 'திருவண்ணாமலை சாமி பேரு' என்பேன். எக்ஸ்சேஞ்சில் அந்தப் பெயருக்கு டிரங்க் கால் வந்தால் பக்கத்து சீட்டு தனகோடியிடம் தள்ளிவிடுவேன்.

"நான் சொல்றேன் அண்ணி" என்றார் ஜெயவேல்.

"நானே சொல்றேன்" என்றேன்.

23-6-1982

சங்கத்தில் கதவைச் சாத்திக்கொண்டு பேசினேன். துரை, எல்லப்பன், சுப்பன், சடையப்பன் தடையில்லாமல் வந்தார்கள். ஐந்தாவது வரவில்லை. தண்ணீர் குடித்தேன். அந்த அம்மா டேப்பை மூன்று முறை பின்னால் ஓட்டினார். பிறகு வந்தது. முதல் தடவை உடம்பெல்லாம் கூசியது. பத்தாவதில் அழுகை. இருபதுக்கு மேல் வெறும் பெயர்.

கட்டிய புருஷன் பேரைச் சொன்னால் அவர் ஆயுசு குறையும் என்பார்கள். ஒரு தடவைக்கு எவ்வளவு குறையும் என்று யாரும் சொன்னதில்லை.

24-6-1982

இரண்டு தடவை ஓட்டினார்கள். முதலில் சும்மா கேட்கும்படி இவரிடம் சொன்னார் அந்த அம்மா. இரண்டாவது தடவை இவர் காதருகே குனிந்து, "சுப்பன்கிற பேர் எத்தனை தடவை வருதுன்னு மட்டும் எண்ணுங்க" என்றார். எங்கள் குடும்பத்தில் சுப்பன் யாரும் கிடையாது. இவர் எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தார்.

கணக்குப் போட மெட்ராஸ் போக வேண்டுமாம்.

30-6-1982

கடிதம் இல்லை.

19-7-1982

கடிதம்.

முதல் சுற்றில் சொந்தப் பெயருக்கு மட்டும் மேடு. தூங்குகிறவருக்கும் அது வருமாம், அதை வைத்து அதிகம் சொல்ல முடியாதாம். இரண்டாவது சுற்றில் சுப்பனுக்கும் மேடு, நல்ல உயரமாக. அப்படியென்றால் சொன்னது கேட்டிருக்கிறது, புரிந்திருக்கிறது, எண்ணியும் இருக்கிறார். 'அவரால் அசைக்க முடிந்தது ஏதாவது இருக்கும். கண் இமையைக் கவனியுங்கள்.'

இவர் உள்ளே இருக்கிறார். பதினைந்து மாதமும் இருந்திருக்கிறார்.

தெருவுக்கெல்லாம் சொன்னேன். சிரித்தேன், அழுதேன். இவரிடம் மட்டும் போய்ச் சொல்லவில்லை. ராத்திரிக் கஞ்சியை முகத்தைப் பார்க்காமல் ஊற்றினேன்.

20-7-1982

ஜெயவேல் வாசலோடு நின்றுவிட்டார். அண்ணன் நன்றாக இருந்த காலத்தில் அவர் எதிரில் உட்காரக்கூட மாட்டார். "ஒரு வருஷமா மூஞ்சிக்கு நேரா பீடி ஊதிகினு இருந்திருக்கேன் அண்ணி. அந்த மெஷின் சரியான மெஷின்தானா?"

எதிர்வீட்டுப் பாஞ்சாலையும் வரவில்லை. தன் மாமியாரைப் பற்றி இவர் கட்டிலருகே என்னவெல்லாம் பேசினாளோ. ஆள் வராததால் வீடு அமைதியாக இருக்கிறது.

8-8-1982

அசைவது இமைதான். இரண்டு வாரம் பிடித்தது. ஆமாம் என்றால் ஐந்து எண்ணும் வரை மூடி வைக்க வேண்டும். இல்லை என்றால் திறந்தே இருக்க வேண்டும். 'இன்று மழையா?' — மூடினார். மழைதான்.

ஜெயவேல் கை கட்டி நின்று கேட்டார். "பீடி நாத்தம் தெரிஞ்சுதா அண்ணே?" மூடினார். "கோவமா?" மூடினார். எட்டு எண்ணும் வரை திறக்கவில்லை. ஜெயவேல் வெளியே போய் அழுதார். சந்தோஷத்தில்தான் என்றார்.

15-8-1982, ஞாயிறு

லீவு. யாரும் இல்லை. கதவைச் சாத்திவிட்டு உட்கார்ந்தேன்.

"பங்குனியில ஒரு நாள், கஞ்சி கொட்டினப்போ, நான் ஒண்ணு சொன்னேன். அது உங்களுக்குக் கேட்டுச்சா?"

திறந்தே இருந்தது. ஐந்து எண்ணினேன். பீடி நாற்றம் வரைக்கும் தெரிந்தவருக்கு இது கேட்கவில்லையாம்.

மறுபடி கேட்டேன். என்ன வார்த்தை சொன்னேன் என்பதையும் சொல்லிக் கேட்டேன். என்னையே பார்த்தார். மூடவில்லை. சாதாரணமாக இமைக்கிற இமைப்பைக்கூட இமைக்கவில்லை. முப்பதுக்கு மேல் நான் எண்ணவில்லை. கண் சிவந்து, தண்ணீர் கோத்து, ஓரமாக வழிந்து காதுக்குள் போனது. அப்போதும் மூடவில்லை.

"சரிங்க" என்றேன். முந்தானையால் துடைத்துவிட்டேன்.