எலியோ வெட்டச் சொன்ன காட்சி

லாசால், மொன்றியல்
14 ஜனவரி 2024

அன்புள்ள ஆரூரனுக்கு,

சுகமாய் இருக்கிறீங்களோ? போனில கதைச்சால் சண்டையில முடியுது, அதுதான் எழுதுறன். நீங்கள் என்னை விட்டிட்டு ரொறன்ரோ போய் ஒரு வருஷமாகுது. இவ்வளவு நாளும் உங்களிட்டை ஒண்டும் கேக்கேல்லை. இப்ப கேக்க வேண்டிக் கிடக்கு. டைரக்டர் எலியோவின்ரை படங்களுக்கு கமரா பிடிச்சவர் நீங்கள், அவரைத் தெரிஞ்சவர்.

அவரின்ரை கடைசிப் படத்தை நான்தான் தொகுக்கிறன். ஆற்றங்கரையில நீங்கள் எடுத்த காட்சியள்தான் எல்லாம். கிழவி ஒருத்தி பஸ்ஸுக்கு நிக்கிறதை திங்கட்கிழமை வெட்டச் சொன்னார். வெட்டினன். அடுத்த நாள், "அவ எங்கை?" எண்டு கோவிச்சார். திருப்பி வைச்சன். புதன்கிழமை, "ஆர் இந்த மனுசி?" எண்டார்.

இது மறதியோ, இல்லாட்டி அவரின்ரை பாணியோ? எனக்கு ஒண்டும் விளங்கேல்லை.

சாம்பவி

ரொறன்ரோ
29 ஜனவரி

அன்பின் சாம்பவிக்கு,

வீணாய்ப் பயப்பிடாதையும். எலியோ இத்தாலியில இருக்கேக்கை, தூரின் நகரத்தில ஆலை வாசல் ஒண்டை மட்டும் ஒன்றரை மணித்தியாலம் படமாய்க் காட்டினவர். ஒருத்தரும் உள்ளுக்குப் போகேல்லை, வெளியில வரேல்லை. அதுக்குப் பரிசு குடுத்தாங்கள். அடுத்த படத்தில பிலிம் சுருள்களுக்கு இலக்கம் போடாமல் தியேட்டர்களுக்கு அனுப்பினார். தியேட்டருக்குத் தியேட்டர் கதை மாறிச்சுது, சனம் கதிரையை உடைச்சுது. பேந்து இத்தாலியில ஒரு தயாரிப்பாளரும் கிட்ட வரேல்லை. அதுக்குப் பிறகுதானே லூசியைக் கட்டி, மொன்றியலுக்கு வந்து சினிமா படிப்பிச்சவர்.

என்னையும் ஒருநாள் லென்ஸை மூடிக்கொண்டு எடுக்கச் சொன்னார். அது மறதியோ? திமிர்.

நீர் அந்தாளுக்காக வீட்டையே மறந்தனீர். இப்ப வைத்தியமும் பாக்கப் போறீரோ? குளிருக்கை மெட்ரோவுக்கு நடக்கேக்கை காதை மூடிக்கொண்டு போம்.

ஆரூரன்

லாசால்
18 மார்ச்

அன்புள்ள ஆரூரனுக்கு,

படம் முடிஞ்சுது. பஸ்ஸுக்கு நிண்ட கிழவி அதில ஒருக்கா நிப்பா, ஒருக்கா இருக்க மாட்டா. சனிக்கிழமை இஞ்சை திரையிட்டம். விளக்குப் போட்ட உடனை எலியோ எழும்பி, "இது ஆரின்ரை படம்?" எண்டு கேட்டார். மண்டபம் முழுக்கச் சிரிச்சுக் கைதட்டிச்சுது. மறதியைப் பற்றி இப்பிடி ஒருத்தரும் எடுத்ததில்லையாம், மேதையாம்.

காரில வரேக்கை என்ரை கையைப் பிடிச்சு, "நல்ல படம், லூசி. ஆர் எடுத்தது?" எண்டார். லூசி செத்து நாலு வருஷம்.

கடைசி மாதங்களில அவர் ஒண்டும் சொல்லேல்லை. காட்சியளை நான்தான் அடுக்கினன், அவர் விரும்புவார் எண்டு நினைச்ச மாதிரி. இப்ப இத்தாலியில ஒரு விழாவில அவரைக் கௌரவிக்கக் கூப்பிடுகினம். போகலாமோ? இது அவரின்ரை படமோ, என்ரையோ?

சாம்பவி

ரொறன்ரோ
26 மார்ச்

சாம்பவி,

நான் நினைச்சது பிழை. நீர் அனுப்பின பிரதியைப் பாத்தன். நான் எடுத்த ஆறுதான், ஆனால் எனக்கே தெரியாத ஆறாய்க் கிடக்கு. அது உம்முடைய படம். விழாக்காரருக்கு உண்மையைச் சொல்லும்.

நான் வரட்டோ?

ஆரூரன்

லாசால்
9 ஏப்ரல்

அன்புள்ள ஆரூரனுக்கு,

படம் நான் அடுக்கினது, உங்களுக்கு மறதி எண்டு முதல்ல எலியோவிட்டைத்தான் சொன்னன். அண்டைக்கு நல்ல தெளிவாய் இருந்தார். "சின்ன வயசிலயிருந்து எனக்கு விளங்காமல்தான் எடுத்தனான். அப்ப கலை எண்டாங்கள். இப்ப மட்டும் ஏன் நோய் எண்டுறாய்?" எண்டு கேட்டார்.

பேந்து விழாக்காரருக்குச் சொன்னன். ஒருத்தருக்கும் சொல்ல வேண்டாம் எண்டிச்சினம். மறைக்க மாட்டன் எண்டன். அழைப்பை நிப்பாட்டிப்போட்டினம்.

அது எலியோவுக்கு நினைவில நிக்குதில்லை. இத்தாலிக்குப் போக எண்டு ஒவ்வொரு நாளும் சூட்கேஸ் அடுக்கிறார். நான் பின்னேரம் உடுப்பையெல்லாம் திருப்பி எடுத்து வைக்கிறன். உண்மை சொல்லி ஆருக்கு என்ன நன்மை செய்தன் எண்டு இன்னும் தெரியேல்லை.

நான் செய்தது சரியோ பிழையோ எண்டு சொல்லுறதுக்கு வராதேங்கோ. அவருக்குப் பக்கத்தில இருக்க ஒரு ஆள் வேணும். எனக்கும் வேணும். அதுக்கெண்டால் வாங்கோ.

சாம்பவி