வட்டத்தின் குறுக்கே ஒரு கோடு

ஜூலை 14, திங்கள்

காலையிலேயே புழுக்கம். மயிலாப்பூரில் காற்றுக்கு லீவு.

செய்ய வேண்டியவை: மந்தைவெளி வீட்டு மோட்டார். சுவிட்ச் இரண்டு டஜன். பல் டாக்டர் (தள்ளிப்போடலாம்).

மகள் கீர்த்தனா (இனி கீ., முழுசாக எழுதக் கை வலிக்கிறது) எம்.ஏ. மானிடவியல், இரண்டாம் வருடம். இன்று மாலை என்னைப் பேட்டி எடுத்தாள். சொந்தக் குடும்பத்துக்கு உறவுமுறைப் படம் போட வேண்டுமாம். வெள்ளிக்கிழமை கல்லூரியில் கொடுக்க வேண்டும்.

முக்கோணம் என்றால் ஆண். வட்டம் பெண். நடுவில் இரண்டு கோடு, கல்யாணம். எலக்ட்ரீஷியனான எனக்கு அது கெபாசிட்டர் அடையாளம். ஆஃப் பண்ணி வைத்தாலும் தொட்டால் ஷாக் அடிக்கும். சரியாகத்தான் இருக்கிறது. என் மனைவி மல்லிகா இதைப் படித்தால் தொலைந்தேன்.

"தேவகி அத்தைக்கு வட்டம் போட்டுட்டேன்ப்பா. அவங்க பசங்க ரெண்டு பேரும் எந்த வருஷம் பொறந்தாங்க?"

"அவளை அடிச்சிடு."

"இல்லப்பா, அடிச்சா..."

"அடின்னா அடி."

அடித்தாள். வட்டத்தின் குறுக்கே சாய்வாக ஒரு கோடு.

தேவகி என் தங்கை. கே.கே. நகரில் இருக்கிறாள். நாலு வருடமாகப் பேச்சு இல்லை. அவள் மகள் ரேவதியின் கல்யாணப் பத்திரிகையில் தாய்மாமன் என்று தனியாக என் பெயர் வரவில்லை. அடியில் 'தங்கள் நல்வரவை விரும்பும்' கூட்டத்தில் நாலாவதாக, ஓர் இன்சூரன்ஸ் ஏஜெண்டுக்கு அடுத்தபடியாக.

பென்சில் படத்தை நானே சார்ட்டில் ஏற்றிக் கொடுத்தேன். கறுப்பு மை, ஸ்கேல். என் கோடு என்றால் கோடு.

ஜூலை 15, செவ்வாய்

மாலை தூறல், ஐந்து நிமிடம். டீக்கடையில் பஷீர் பாய். சிந்தாதிரிப்பேட்டை, பிளம்பர்.

"பொண்ணு இன்னா நைனா படிக்குது?"

"மானிடவியல் பாய். மனுஷங்களைப் பத்தி."

"அதுக்கு இன்னாத்துக்கு காலேஜு? ரேஷன் கடை லைன்ல ஒரு நாள் நின்னா போச்சு."

பாய்க்குப் பதில் தேடி வீட்டுக்கு வந்து கீ.யின் அகராதியை எடுத்தேன். லஸ் நடைபாதையில் பழசாக வாங்கியது. மானிடவியலின் முக்கியமான சொற்களுக்கு மட்டும் விளக்கம், எல்லாம் இங்கிலீஷ். நான் பத்தாவது, அதுவும் இரண்டாம் அட்டெம்ட். விரல் வைத்துப் படித்தும் ஒரு பக்கம் தாண்டவில்லை. கடைசியில் அடையாளங்களின் பட்டியல் இருந்தது. அது புரிந்தது. ஒயரிங் படம் பார்க்கிற கண்தானே.

வட்டத்தின் குறுக்கே கோடு: இறந்தவர்.

கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தேன். அதேதான். கறுப்பு மையில், ஸ்கேல் வைத்து, தங்கையைக் கொன்றிருக்கிறேன்.

"அப்பவே சொல்ல வந்தேன். விட்டீங்களா?" என்றாள் கீ.

"பேச்சுவார்த்தை இல்லைங்கிறதுக்குத் தனியா ஒரு அடையாளம் இருக்கும்ல?"

"இல்லப்பா. ஒண்ணு இருக்காங்க, இல்ல செத்துட்டாங்க. அவ்ளோதான்."

"இது சின்ன புக்கு. பெரிய புக்குல இருக்கும்."

மல்லிகா சமையலறையிலிருந்து: "ஒரு போன் பண்ணா முடிஞ்சுது. இவரு புக்கு தேடுறாராம்."

ஜூலை 16, புதன்

அடையாறு வேலையை நாளைக்குத் தள்ளினேன். (பொய்: வயிற்றுவலி.) கீ.யோடு நூலகம். மானிடவியல் கலைக்களஞ்சியம், ஒவ்வொரு தொகுதியும் இன்வெர்ட்டர் பேட்டரி கனம். 'வெளியே எடுத்துச் செல்லக் கூடாது' என்று முத்திரை வேறு. எடுத்துச் செல்ல இரண்டு ஆள் வேண்டும்.

நூலகர் அம்மா வந்தார். "என்ன சார் பாக்கணும்?"

"பேசாம இருக்கிற தங்கச்சிக்கு என்ன அடையாளம்னு."

என்னைப் பார்த்தார், கீ.யைப் பார்த்தார். "எனக்கு ஒரு நாத்தனார் இருக்காங்க. கிடைச்சா எனக்கும் சொல்லுங்க சார்."

கீ. படித்துச் சொல்லச் சொல்லக் குறித்தவை:

1. விலகல் உறவு. சில இடங்களில் மாமியாரும் மருமகனும் பேசவே கூடாது, எதிரே வந்தால் ஒதுங்க வேண்டும். கிடைத்துவிட்டது என்று நினைத்தேன். மரியாதைக்காக ஒதுங்குகிறார்களாம். நமக்கு ஒத்துவராது.

2. கேலி உறவு. எவ்வளவு வேண்டுமானாலும் கிண்டல் செய்யலாம், கோபித்துக்கொள்ளக் கூடாது. நானும் பஷீர் பாயும்.

3. தந்தை. ஒரே வரி. வேறொரு பக்கத்தைப் பார்க்கவும் என்று. பார்க்கவில்லை.

4. தாய்மாமன். நாலு பக்கம்.

நாலு பக்கம், பொடி எழுத்தில். எந்தெந்த நாட்டிலோ போய் ஆராய்ந்திருக்கிறார்கள். பெரிய படிப்பாளிகள் ஒருவரோடு ஒருவர் சண்டை போட்டிருக்கிறார்கள், என்னைப் பற்றி. கல்யாணப் பத்திரிகையில் தனியாக ஒரு வரி கிடையாது.

நாலு பக்கத்தையும் ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டேன். அடையாளம் கிடைக்கவில்லை என்பது பஸ்ஸில்தான் ஞாபகம் வந்தது.

ஜூலை 17, வியாழன்

வெயில். அடையாறு வேலை முடிந்தது. (வயிற்றுவலி எப்படி என்று விசாரித்தார்கள். கஷ்டமாக இருந்தது.)

மாலை ஜெராக்ஸை மல்லிகாவிடம் காட்டினேன். "இந்த நாலு பக்கமும் நான்தான்."

கீ. சார்ட்டை விரித்தாள். "எங்கப்பா? இதுல காட்டுங்க."

விரல் வைத்தேன். என் முக்கோணம். பக்கத்தில் தேவகி, கோடு போட்ட வட்டம். அதற்குக் கீழே வெறும் தாள். பிள்ளைகளைப் போடவே இல்லை.

"அத்தையை எடுத்துட்டா நீங்க யாருக்குப்பா மாமா?"

பழைய டியூப்லைட் மாதிரி கொஞ்ச நேரம் பிடித்தது எனக்கு.

பிளேடால் கோட்டைச் சுரண்டினேன். சார்ட் ஓட்டை. புது சார்ட் வாங்கியாகிவிட்டது. நாளை பன்னிரண்டு மணிக்குள் கொடுத்தாக வேண்டும். ஆனால் அவள் பிள்ளைகள் பிறந்த வருடம் எனக்குத் தெரியாது. ரேவதி பிறந்தபோது ஆஸ்பத்திரி வாசலில் நின்றது ஞாபகம் இருக்கிறது, மழை ஞாபகம் இருக்கிறது, வருடம் மட்டும் இல்லை.

போனை எடுத்தேன். சார்ஜ் போட்டு வைத்தேன்.

ஜூலை 18, வெள்ளி

ஏழு மணிக்கே கிளம்பியாச்சு. பைக்கின் பின்சீட்டில் கீ., கையில் இரண்டு சார்ட்டும் ஸ்கேலும். கிண்டியில் டிராஃபிக். திரும்பிவிடலாமா என்று இரண்டு சிக்னலில் தோன்றியது. மூன்றாவது பச்சை.

தேவகிதான் கதவைத் திறந்தாள். தலையில் நரை.

"இன்னாண்ணா, வழி தெரிஞ்சுதா?"

"கீர்த்திக்குப் படிப்பு விஷயம். பசங்க பொறந்த வருஷம் சொல்லு, கெளம்பிடுறேன்."

"ரேவதிக்கு ஒரு பையன் கீறான். ஒன்றரை வயசு. அதுவாவது தெரியுமா?"

தெரியாது. ஸ்கேலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன்.

தரையில் உட்கார்ந்து வருடங்களைச் சொன்னாள். போட்டேன். அவளுக்கு வட்டம், கீழே ரேவதி, அவள் தம்பி, ரேவதியின் பையனுக்குச் சின்ன முக்கோணம். கோடு நேராக வரவில்லை. அதற்குள் தேவகி பழைய சார்ட்டைப் பிரித்துவிட்டாள்.

"இது யாரு?"

"நீங்கதான் அத்தை," என்றாள் கீ.

"குறுக்க இன்னா கோடு? ஓட்டை வேற கீது."

கீ. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். நான் சொன்னேன். அடிக்கச் சொன்னது, அதன் அர்த்தம், எல்லாம். பொய் யோசிக்க நேரம் இல்லை.

 தேவகி படத்தைச் சுருட்டி மூலையில் வைத்துவிட்டு உள்ளே போனாள். பாத்திரச் சத்தம் பலமாக இருந்தது.

"செத்தவ போட்ட காப்பி குடிப்பியா?"

"குடிப்பேன். சக்கரை கம்மியா."

டம்ளர் வந்தது. சர்க்கரை தூக்கல். கடைசிச் சொட்டு வரை குடித்தேன்.