ரதம் நின்ற ஞாயிறு

மே 8, வெள்ளி

விடியலிலிருந்து மழை. சிரம்பான் கோர்ட்டுக்குப் போய் நனைந்ததுதான் மிச்சம். எது சரியான பூஜை என்று கோர்ட் சொல்லாதாம். கோயில் கமிட்டி சொல்வதுதானாம். கமிட்டி கேட்டபடியே தடை. முனி சன்னதிப் பூசாரியான என் வீட்டுக்காரர் இனி எஸ்டேட் கோயிலிலோ திருவிழாவிலோ எந்தச் சடங்கும் செய்யக்கூடாது. முனீஸ்வரருக்குக் கடா கிடையாது, சுருட்டு கிடையாது, பூசாரியும் கிடையாது.

கமிட்டித் தலைவர் வேறு யாருமில்லை. என் கூடப்பிறந்த அண்ணன்.

கான்டீனில் வக்கீலோடு தே தாரிக் டீ குடித்துக்கொண்டிருந்தான். என்னைப் பார்த்துச் சிரித்தான். "மனசுல வச்சுக்காத புள்ள. ஆகமப்படி நடக்கணும்லா."

வைத்துக்கொண்டேன்.

வீட்டுக்காரர் திரும்பி வந்து தலையைத் துவட்டிக்கொண்டு படுத்துவிட்டார். இந்த மனுஷனுக்குக் கோபமே வராது. அவர் பங்கையும் சேர்த்து நானே படுகிறேன்.

மே 9, சனி

வாங்க வேண்டியது: பால், மஞ்சள் துணி, சூடம். நாளை அம்மன் திருவிழா. மகள் பால்குடம் எடுக்கிறாள். கல்யாணமாகிப் பல வருஷம் கழித்துத் தங்கிய பிள்ளை, ஐந்தாம் மாதம். அதற்கான நேர்த்திக்கடன். செனாவாங்கிலிருந்து மாப்பிள்ளையோடு வருகிறாள்.

பாத்திரம் கழுவும்போது உறைத்தது. அம்மன் ரதம் எஸ்டேட்டைத் தாண்டுமுன் வாசலில் முனி சன்னதி முன்னால் நிற்கும். வீட்டுக்காரர் எலுமிச்சை அறுத்து, "போய்ட்டு வா தாயே" என்று சொன்ன பிறகுதான் வடம் பிடிப்பார்கள். அதுவும் சடங்குதானே. அண்ணன் அவசரத்தில் அதையும் சேர்த்துத் தடுத்துவிட்டான்.

தனியாக நின்று சிரித்தேன்.

அவரிடம், "நாளைக்கு நீங்க வாயத் தொறக்கக்கூடாது."

"சாமி காரியம்லா."

"கோர்ட் காரியம்."

மே 10, ஞாயிறு

மண்டையைப் பிளக்கும் வெயில். ரதம் முனி சன்னதியில் நின்றது. அவருக்குப் பதில் கோயில் குருக்களே எலுமிச்சை அறுத்தார். வடத்தை ஒருத்தரும் தொடவில்லை. "பூசாரி சொல்லட்டும், இழுக்கிறோம்."

அண்ணன் என் வீட்டுக்காரரிடம் வந்தான். "மாப்ள, ஒரு வார்த்த சொல்லிடுங்க."

நான் முந்திக்கொண்டேன். "சொன்னா கோர்ட் அவமதிப்பு அண்ணே. நீங்க வாங்குன தடைதானே."

"நான் கம்ப்ளேன் பண்ண மாட்டேன் புள்ள."

கை கட்டி நின்றான். கூட்டம் முழுக்கப் பார்த்தது. தேன் குடித்த மாதிரி இருந்தது எனக்கு.

மகள் ரதத்துக்குப் பின்னால், தலையில் குடம். நடுவழியில் இறக்கக்கூடாது. முகம் வெளுத்துப்போயிருந்தது. "ம்மா, அப்பாவ விடுங்கம்மா. முடியல."

அவர் எழுந்தார். கையைப் பிடித்து உட்கார வைத்தேன். அண்ணன் இன்னும் கொஞ்ச நேரம் நிற்கட்டும் என்றிருந்தது.

அவள் சாய்ந்தாள். மாப்பிள்ளை தாங்கிவிட்டார். பால் முழுக்கத் தார் ரோட்டில். அம்மனுக்கு ஒரு சொட்டுகூடப் போகவில்லை. அபசகுனமென்று ரதத்தைக் கோயிலுக்கே திருப்பிவிட்டார்கள்.

மே 12, செவ்வாய்

தூறல். துணி காயவில்லை. பிள்ளைக்கு ஒன்றுமில்லை என்று டாக்டர் சொன்னாராம். மாப்பிள்ளைதான் மெசேஜ் போட்டார்.

வீட்டுக்காரர் பேசுவதில்லை. சோற்றைத் தானே போட்டுக்கொள்கிறார். அவருக்கும் கோபம் வருமென்று இப்போதுதான் தெரிகிறது.

சாயங்காலம் மகள் போன். நலம் கேட்கக்கூட விடவில்லை.

"வளைகாப்புக்குத் தாய்மாமன் வேணும். மாமாவக் கூப்ட்டுட்டேன். நீங்க வர வேணாம்மா."

வைத்துவிட்டாள். அடுப்படியில் உட்கார்ந்து அழுதேன். பெற்றவள் இல்லாமல் வளைகாப்பு. முதல் வளையலை அண்ணன் போடுவான்.

வளைகாப்புக்கென்று வாங்கிய வளையலெல்லாம் என் அலமாரியில் இருக்கின்றன. கொடுத்து அனுப்பப் போவதில்லை. வேண்டுமென்றால் அண்ணனே என் வாசலுக்கு வந்து கேட்கட்டும்.