ஏழாவது மாடி, ஹவுஸ்ஃபுல்

மார்ச் 4

மகள் போனில் ஒரு வழி காட்டியிருக்கிறாள். மைக் படத்தை அழுத்திவிட்டுப் பேசினால் அதுவே எழுதிக்கொள்ளுமாம், தேதியும் அதுவே போடுமாம். மழைக்குக்கூடப் பள்ளிக்கூடத்துப் பக்கம் ஒதுங்காத எனக்கு இப்படி ஒரு கூத்து. மேடையில் பேசுகிற மாதிரி நிதானமாகப் பேசச் சொன்னாள். பார்ப்போம்.

ஏழாவது மாடி. லிஃப்ட் கிடையாது. அது வரவேண்டிய இடத்தில் ஒரு பொந்து, குறுக்கே பலகை. படியில் வழுக்கி முழங்கால் போனதிலிருந்து நான் தரையை மிதிக்கவில்லை. பால்கனி நாற்காலிதான் கதி. கீழே மனிதர்கள் எறும்பு மாதிரி தெரிகிறார்கள். எறும்புக்காவது தரை இருக்கிறது.

மார்ச் 7

மாப்பிள்ளை பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறார். தங்கமான மனிதர், என் முழங்காலுக்குத் தைலம் தேய்ப்பது அவர்தான். ஆனால் பல் விளக்குமுன் போனில் இந்தக் கட்டடத்தின் விலையைப் பார்த்தாக வேண்டும்.

"இன்னிக்கு எப்படி மாப்பிள்ளை?"

"அசையல மாமா. இறங்கலையே, அதுவே நல்லது."

முதல் வருஷம் வாரத்துக்கு வாரம் ஏறியது. அப்போதுதான் தியேட்டருக்குப் பின்னால் இருந்த என் ஓட்டு வீட்டை விற்று, மிச்சத்துக்கு லோன் போட்டு, என் பெயரில் இதை வாங்கினார்கள். 'ரெண்டே வருஷம் மாமா, ரெண்டு மடங்காயிடும். வித்துட்டு உங்களுக்குத் தனி வீடு, முன்னாடி செடி கொடி.' கைநாட்டு வைத்தேன். யாரும் என் விரலைப் பிடித்து அழுத்தவில்லை. செடி கொடி என்றதும் எனக்கும் நாக்கில் எச்சில்.

பிறகு புதிதாக வாங்க வருகிறவர்கள் குறைந்தார்கள். பில்டர் லிஃப்ட் போடாமல் போனவர் போனவர்தான்.

மார்ச் 8

குழாயில் தண்ணீர் இல்லை. மகள் இரண்டு கேன் சுமந்து ஏறினாள். ஒவ்வொரு மாடியிலும் அவள் இறக்கி வைக்கிற சத்தம் கேட்டது.

மார்ச் 12

தியேட்டர் ஞாபகம். ஆயுசில் பாதி அந்த வாசலில் டிக்கெட் கிழித்தேன். எழுத்து தெரியாது, நிறம் தெரியும். பச்சை முன்வரிசை, ரோஸ் நடு, மஞ்சள் பால்கனி.

ஒரு பெரிய படம், முதல் நாள். மத்தியானமே ஹவுஸ்ஃபுல் பலகை மாட்டியாச்சு. வெளியே பிளாக்கில் விலை ஏறியது. டீக்கடைக்காரன் அடுப்பை அணைத்துவிட்டு வந்து டிக்கெட் வாங்கினான். பார்க்க இல்லை, விற்க. முடிவெட்டுகிறவர் சவரம் பாதியில் ஆளை உட்கார வைத்துவிட்டு ஓடிவந்தார். சாயங்காலம் மஞ்சள் டிக்கெட் ஆறு மடங்கு. யார் நடித்த படம் என்று தெரியாதவன் கையிலெல்லாம் டிக்கெட்.

படம் ஆரம்பிக்கிற பெல் அடித்தது.

ஆறு மூன்றானது, மூன்று ஒன்றானது, கடைசியில் 'சும்மாவாவது வாங்கிக்கங்கண்ணே'. வாங்க ஆளில்லை, நிற்கிறவன் எல்லாம் விற்கிறவன். வெளியே ஹவுஸ்ஃபுல், உள்ளே பாதி நாற்காலி காலி. டீக்கடைக்காரன் மட்டும் கை நிறைய டிக்கெட்டோடு நின்றான். 'உள்ள வந்து படத்தையாவது பாருய்யா' என்றேன். 'படம் பாக்கறதுக்கா வாங்கினேன்?' என்று என் மேலேயே பாய்ந்தான்.

இங்கேயும் கீழே பலகை இருக்கிறது, எல்லா வீடும் விற்றுத் தீர்ந்தது என்று எழுதியிருக்கிறதாம். இருட்டியதும் கட்டடத்தின் எதிர்ப்பக்கம் பார்த்தேன். விளக்கு எரிகிற சன்னல் அங்கொன்று, இங்கொன்று. வாங்கினவர்கள் எல்லாம் எங்கே என்று மாப்பிள்ளையிடம் கேட்டேன்.

"அவங்கல்லாம் குடியிருக்கறதுக்கா வாங்கினாங்க மாமா?" என்று சிரித்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மார்ச் 16

சங்கத் தலைவர் வந்தார். மூன்றாம் மாடிக்காரர், பெரிய ஆபீசில் இருந்து ஓய்வானவர். கதவைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கினார். வீட்டுக்காரர் எல்லாரும் கையெழுத்துப் போட வேண்டுமாம்.

"வாங்கின விலைக்குக் குறைச்சு யாரும் விக்கக்கூடாது பெரியவரே. ஒருத்தர் குறைச்சுட்டா அதுதான் எல்லாருக்கும் விலை. நாம எல்லாம் ஒரே குடும்பம்."

ஒரே குடும்பம் என்றால் வரும்போது ஒரு கேன் தண்ணீர் தூக்கி வந்திருக்கலாம். கைநாட்டு வைத்தேன்.

அவர் போனபிறகு யோசித்தால்... வாங்கின விலைக்கு வாங்க ஆளில்லை, குறைத்து விற்கவும் கூடாது. வெளியே போகிற கதவை எல்லாருமாகச் சேர்ந்து பூட்டி, சாவியையும் எல்லாருமாகச் சேர்ந்து பிடித்துக்கொண்டிருக்கிறோம்.

மார்ச் 24

ஆள் கிடைத்துவிட்டது! ஓய்வு பெற்ற ஓவிய வாத்தியார், அவர் சம்சாரம். வாங்கின விலையையே தருகிறார்களாம். மகள் முகத்தில் இப்படி வெளிச்சம் பார்த்து எத்தனை நாளாச்சு. ஞாயிறு வந்து முன்பணம் தருகிறார்கள்.

அடுத்த மாதம் நான் தெருவில் நடப்பேன்.

மார்ச் 30

வாத்தியார் காரில் வந்தார். மாப்பிள்ளை அவர்களைப் படியேற விடவில்லை. "வெயில்ல எதுக்கு சார்? மாமா மேல இருக்கார், வீடியோவுல காட்டுவார்." கீழே அவர் போன், மேலே மகள் போன். என்னிடம் கொடுத்து ஒவ்வொரு அறையாகக் காட்டச் சொன்னாள். அடுக்களை காட்டினேன், பால்கனி காட்டினேன். திரையில் அந்த அம்மா முகம். கையில் ஊன்றுகோல்.

"காத்து நல்லா வருது போலிருக்கே. ஐயா, லிஃப்ட் ரெண்டு மாசத்துல வந்துடும்னு சொல்றாங்க. வந்துடும்ல? எனக்கு ரெண்டு முட்டியும் போச்சு."

அந்த அம்மாவுக்குப் பின்னால் மாப்பிள்ளை முகம் தெரிந்தது. கெஞ்சுகிற முகம். என் வாயில் 'வந்துடும்மா' என்பது தயாராக இருந்தது. ஒரு சொல். சொல்லியிருந்தால் நான் இறங்குவேன், அந்த அம்மா ஏறுவாள், இந்த நாற்காலியில் உட்காருவாள்.

போனைப் பிடித்தபடி சுவரைத் தடவித் தடவி வெளியே நடந்து, அந்தப் பொந்துக்கு நேராகக் காட்டினேன். பலகை. ஆணி துரு. உள்ளே புறாக்கூடு.

"ஓ" என்றார் வாத்தியார்.

கார் கிளம்புவதைப் பால்கனியிலிருந்து பார்த்தேன்.

மார்ச் 31

மகள் சொன்னது: "அந்தம்மா முட்டியைப் பத்தி யோசிச்சீங்க, சரி. என் முதுகைப் பத்தி யோசிச்சீங்களாப்பா?"

செஞ்சது சரியா? யாருக்கு சரி? வாயத் தொறந்தா பொய்யி, மூடினா புள்ளைக்குப் பாரம். என்ன பொழப்புடா இது.

மாப்பிள்ளை வழக்கம்போலத் தைலம் தேய்த்தார். அது இன்னும் கொடுமை.

ஏப்ரல் 14

விடிகிற நேரம் கீழே ஒரு வண்டி. வீடு மாற்றிக் கொடுக்கிற அண்ணன் தம்பி இரண்டு பேர் கட்டில், பீரோ எல்லாம் ஏற்றுகிறார்கள். யார் வீடு? பார்த்தால் சங்கத் தலைவர்! முக்கால் விலைக்கு விற்றுவிட்டாராம். முன் சீட்டில் ஏறப்போனவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். கையை ஆட்டலாமா வேண்டாமா என்று கொஞ்சம் தவித்துவிட்டு உள்ளே உட்கார்ந்து கதவைச் சாத்திக்கொண்டார்.

பெல் அடித்துவிட்டது.

ஏப்ரல் 15

காலையிலிருந்து படியெல்லாம் செருப்புச் சத்தம். சன்னலில் விளக்கே எரியாத வீட்டுக்காரர்கள் எல்லாம் புரோக்கரை இழுத்துக்கொண்டு வருகிறார்கள். இந்தக் கட்டடத்துக்கு இத்தனை சொந்தக்காரர்கள் என்று இன்றுதான் கண்ணால் பார்த்தேன்.

நமக்கும் ஒருவர் முக்காலுக்குக் கேட்டார். மாப்பிள்ளை கொடுக்க விடவில்லை. "திரும்ப ஏறும் மாமா, அவசரப்பட வேணாம்."

ஏப்ரல் 29

இப்போது பாதி. மாப்பிள்ளை சொல்கிறார்: "முக்காலுக்கு யாராச்சும் கேட்டா கண்ணை மூடிட்டுக் குடுத்துடலாம் மாமா."

மே 6

அந்த வண்டிக்கார அண்ணன் தம்பி வந்தார்கள். ஏழு மாடி ஏறியும் மூச்சு வாங்கவில்லை. அவர்களிடம் வேலை செய்கிற ஆட்கள் தங்க இடம் வேண்டுமாம். பாதி விலை, உடனே பணம்.

"லிஃப்ட் வராது தம்பி, இப்பவே சொல்லிட்டேன்."

"வந்தா எங்க பொழப்பு போயிடும் தாத்தா" என்றான் சின்னவன்.

லிஃப்ட் இல்லை என்று தெரிந்தும் குடியிருப்பதற்காக இந்த வீட்டைக் கேட்டு வந்த முதல் ஆட்கள் இவர்கள்தான்.

அவர்கள் போனதும் மாப்பிள்ளை தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். "உங்க ஓட்டு வீட்டுப் பணம் போச்சு மாமா. அதுக்கப்புறமும் லோன்ல கொஞ்சம் நிக்கும். இது நஷ்டம்."

"நஷ்டம் என்னைக்கோ ஆயாச்சு மாப்பிள்ளை. நாமதான் அதுக்குக் கதவத் தொறக்காம உக்காந்திருக்கோம். பத்திரம் எம்பேர்ல இருக்கு. நான் கைநாட்டு வைக்கப்போறேன். நீங்க கோவிச்சுக்கிட்டாலும் சரி."

அவர் அழுதார். வளர்ந்த ஆண்பிள்ளை. செடி கொடி வச்ச வீடு மாமா, செடி கொடி வச்ச வீடு என்று அதையே சொன்னார்.

மே 19

சின்னவனும் பெரியவனும் என்னை நாற்காலியோடு தூக்கினார்கள்.

"பீரோன்னா கயிறு போட்டுக் கட்டுவோம் தாத்தா. உங்களுக்குக் கட்டவா?"

"பீரோ திட்டாது. நான் திட்டுவேன். பாத்துத் தூக்கு."

மகள் பின்னால் சிரித்தாள். இரண்டாம் மாடியில் ஓர் அம்மா கதவைத் திறந்து, "உங்களாலதான் எங்க வீடும் பாதியாச்சு. நல்லா இருங்க" என்று சாத்தினாள். அவள் இன்னும் உள்ளேதான் இருக்கிறாள்.

கீழே இறக்கி வைத்தார்கள். செருப்பு மேலேயே தங்கிவிட்டது. வெறுங்கால். மண் சுட்டது. காலை எடுக்க மனம் வரவில்லை.

ஆகஸ்ட் 3

ஒற்றை அறை, வாடகை, தகரக் கூரை. லோன் பாக்கி இன்னும் போகிறது. மகள் இப்போதெல்லாம் சாப்பிட்டதும் தூங்கிவிடுகிறாள். முதுகு பரவாயில்லை என்கிறாள்.

தைலம் தேய்க்கும்போது மாப்பிள்ளை மெல்ல ஆரம்பித்தார்.

"மாமா, தியேட்டர் வேலைய விட்டப்ப உங்களுக்குக் குடுத்த பணம் கொஞ்சம் பேங்க்ல சும்மாதானே கெடக்கு? ஷேர்ல போட்டா என்ன? வீடு மாதிரி மாட்டிக்க மாட்டோம். நினைச்ச நேரத்துல வித்துடலாம். வேன் ஸ்டாண்டுல அத்தனை பேரும் போட்டிருக்காங்க. இந்தத் தடவை அப்படி இல்ல மாமா. ஒரே ஒரு கைநாட்டு."

"அத்தனை பேருமா?"

"அத்தனை பேரும் மாமா!"

அவர் கண்ணில் செடி கொடி சொன்ன நாளின் அதே வெளிச்சம். என் காலில் அதே அன்பான கை.

"ஹவுஸ்ஃபுல் மாப்பிள்ளை" என்றேன்.

காலை அவர் மடியிலிருந்து எடுத்துக்கொண்டு, செருப்பைத் தேடி மாட்டினேன். எங்கே போகிறீர்கள் என்று கேட்டார். எங்கேயும் இல்லை. இந்த வீட்டுக் கதவைத் திறந்தால் நேரே தெருதான்.