உடைக்க வேண்டிய காலிப் புட்டிகள்

மார்ச் 11, 1935

பாசமுள்ள மகன் மத்தூஷுக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், நீயும் சியாட்டிலில் வேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருக்கவேண்டும் என்று தினமும் மாதாவை வேண்டிக்கொள்கிறேன். இதை நம் ஊரில் தபாலில் போடப் பயந்து, ரயிலேறி உன் பெரியம்மா வீட்டுக்கு வந்து எழுதுகிறேன்.

மதுவிலக்கு போய் நம் மதுக்கடைக்கு லைசென்ஸ் கிடைத்ததும் இனி ஒளிந்து பிழைக்க வேண்டாம் என்று நினைத்தோம். இப்போது ஆயிரம் சட்டம். ஜன்னலுக்குத் திரை போடக்கூடாது, தெருவில் போகிறவருக்குக் கடைக்குள் நடப்பது தெரியவேண்டுமாம். விஸ்கியை அரசுக் கடையில்தான் வாங்கவேண்டும், புட்டி காலியானால் மறுபடி எதையும் ஊற்றாமல் உடைத்துவிட வேண்டும். மீறினால் லைசென்ஸ் போய்விடும், அப்பா ஜெயிலுக்குப் போவார். இதெல்லாம் கூடப் பரவாயில்லை, டோலன் திரும்பி வந்துவிட்டான். மதுவிலக்குக் காலத்தில் நமக்குத் திருட்டுச் சரக்கு கொண்டுவந்து போட்டானே, அவனேதான். "நல்ல புட்டிய எதுக்கும்மா உடைக்கிறீங்க? எனக்குக் குடுங்க" என்று சிரித்துக்கொண்டே கேட்டான். அரசு முத்திரை ஒட்டிய புட்டியில் தன் சரக்கை ஊற்றி விற்கத்தான். பக்கத்துத் தெருவில் மதுக்கடை வைத்திருக்கும் கோவாச் பயந்துபோய்க் கொடுத்தார். அந்தச் சரக்கைக் குடித்து, உன்னோடு படித்த பாவெலுக்கு இரண்டு கண்ணும் போய்விட்டது.

நான் கொடுக்க மறுத்ததும் டோலன் மூன்று நாள் எதிர்ச்சாரியில் நின்று ஜன்னல் வழியாக எங்களையே பார்த்துக்கொண்டிருந்தான். அப்பாவோ, "குடுத்துத் தொலைச்சிடு சுசன்னா, நமக்கெதுக்கு வம்பு" என்றார். சனிக்கிழமை மதியம் டோலன் சாக்கோடு கொல்லைப்பக்கம் வந்தான். பாவெலின் முகம்தான் கண்முன் நின்றது, சுத்தியலை எடுத்துக் காலிப் புட்டிகளை உடைக்க ஆரம்பித்துவிட்டேன். அவசரத்தில் ஓர் அடி என் விரலிலேயே விழுந்தது. அவன் கோபப்படவில்லை. "உங்க பையன் ஜாக்சன் தெருவுல மூணாவது மாடியில தானே இருக்கான்? படிக்கட்டு ரொம்ப செங்குத்தாமே" என்றான். யார் சொல்லித் தெரிந்ததோ. என் கை அப்படியே நின்றுவிட்டது. உள்ளதைச் சொல்கிறேன், முதல் புட்டியை உடைக்கும் முன் அவன் இதைச் சொல்லியிருந்தால் அத்தனையையும் அவன் சாக்கில் நானே போட்டிருப்பேன். அப்பா வந்து என் கையிலிருந்த சுத்தியலை வாங்கினார். கொடுக்கத்தான் போகிறார் என்று நினைத்தேன். அவர் கீழே உட்கார்ந்து மீதியிருந்த பத்தொன்பதையும் ஒவ்வொன்றாக உடைத்தார். பிறகு, "முடிஞ்சுது. போ" என்றார். டோலன் செருப்பில் ஒட்டிய கண்ணாடித் தூளைத் தட்டிவிட்டுக் காலிச் சாக்கை மடித்துக்கொண்டு போய்விட்டான். அவன் கத்தியிருந்தால் கூட எனக்கு இவ்வளவு பயம் இருந்திருக்காது.

இது கிடைத்த அன்றே அறையைக் காலி செய்துவிடு. எங்கே போகிறாய் என்று வீட்டுக்காரம்மாவிடமும் சொல்லாதே. வேலை முடிந்து தனியாக நடக்காதே, ஈஸ்டருக்கு இங்கே வரவும் வேண்டாம். அப்பா அன்றிலிருந்து என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான், "பையன் நம்மள மன்னிப்பானா?" என்று. மாதா உன்னைத் தன் முந்தானைக்குள் வைத்துக் காப்பாற்றட்டும். வீடு மாறியதும் பெரியம்மா முகவரிக்கு ஒரே ஒரு வரி போடு, அதில் அப்பாவுக்கான பதிலையும் எழுது.

இப்படிக்கு,
உன் அம்மா சுசன்னா