இருபது எழுத்து தேடிய இடம்

ஜனவரி 9
நாளை பேத்திக்கு ரத்தம் ஏற்றும் நாள். மூன்று வாரத்துக்கு ஒருமுறை, பதினாறு வருடமாக. முந்தின நாள் என்றால் முகம் வெளுத்துவிடும். எங்கள் கட்டடத்தில் லிஃப்ட் ஓடவில்லை. படியேறி இரண்டாம் மாடியிலேயே உட்கார்ந்துவிட்டாள். "நீ முன்னாடி போ பாட்டி, நான் அடுத்த வருஷம் வந்து சேர்றேன்."

ஜனவரி 10
டாக்டரம்மா புது வைத்தியம் சொன்னார். உடம்பின் ஒவ்வொரு உயிரணுவுக்குள்ளும் முந்நூறு கோடி எழுத்தில் மரபுக் குறிப்பாம். நாலே வகை எழுத்து. அதில் ஒரே ஒரு இடத்தைத் தேடிப் பிடிக்க, இருபது எழுத்துள்ள ஆர்.என்.ஏ. துணுக்கு ஒன்று. தன் ஜோடி எழுத்துகளைக் கண்டால் ஒட்டிக்கொள்ளும். கூடவே போகிற கத்தரி மாதிரி ஒன்று அங்கே வெட்டும்.

நான் படித்தது அஞ்சாங்கிளாஸ். ஆனாலும் வாய் சும்மா இருக்குமா? "ஒண்ணு ரெண்டு எழுத்து மாறி, அதே மாதிரி இன்னொரு இடம் இருந்தா? அங்கயும் வெட்டிடாதா?"

அவர் பேனாவைக் கீழே வைத்தார். "எங்க தூக்கத்தைக் கெடுத்த கேள்விம்மா அது. சோதிச்சு சோதிச்சுத்தான் இந்த இருபதை எடுத்தோம். ஆனா சத்தியம் பண்ண மாட்டேன்."

வெளியே வந்ததும் பேத்தி, "டாக்டருக்கே பரீட்சை வெச்சிட்டியே!" என்றாள். எனக்குக் கொஞ்சம் பெருமைதான்.

ஜனவரி 11
மகள் அழுகிறாள். "இருக்கறதும் போயிட்டா என்னம்மா பண்றது?"

ஜனவரி 15
எழுதி வைக்காமல் மனம் ஆறவில்லை. அம்மா வயிற்றுக்குள் இருக்கும்போது நமக்கெல்லாம் வேறு ரத்தமாம். பிறந்த பிறகு ஒரு சுவிட்ச் அதை அணைத்துவிடுகிறது. அடுத்து ஊறும் ரத்தத்தில்தான் இவளுக்குக் கோளாறு. அந்தச் சுவிட்சைத்தான் வெட்டப் போகிறார்கள். பழையது மறுபடி ஊறும். என் மகள் வயிற்றில் இவளுக்கு ஓடிய ரத்தம் — அழியாமல், அணைந்து மட்டும் கிடக்கிறதா? அம்மாடி!

மகள் சம்மதம் என்று கையெழுத்துப் போட்டுவிட்டாள்.

மே 3
இவள் உடம்பில் ரத்தம் ஊறவைக்கும் அணுக்களை எடுத்து, வெட்ட அனுப்பியாயிற்று. இனி காத்திருப்பு.

செப்டம்பர் 2
பழைய அணுக்களை ஒழிக்க மருந்து கொடுத்தார்கள். முடி முழுக்கப் போய்விடுமாம். இன்று வெட்டித் திருத்திய அணுக்கள் சின்னப் பையில் வந்தன. சீக்கிரமே ஏறி முடிந்துவிட்டது. இவ்வளவுதானா? கை தானாகக் கும்பிட்டது. யாரை? அந்த இருபது எழுத்தையா?

செப்டம்பர் 13
காய்ச்சல். தப்பான இடத்துல வெட்டிடுச்சோ? அன்னிக்கு டாக்டரம்மாகிட்ட அதைக் கேட்ட வாயைக் கிள்ளணும்.

செப்டம்பர் 17
காய்ச்சல் விட்டது. அது மருந்தின் வேலையாம். புது அணுக்கள் ஊறத் தொடங்கிவிட்டன.

பிப்ரவரி 12
கடைசியாக ரத்தம் ஏற்றி நாலு மாதம். லிஃப்ட் இன்றும் ஓடவில்லை. இரண்டாம் மாடியில் மூச்சு வாங்கி உட்கார்ந்துவிட்டேன். மேலே கைப்பிடிக் கம்பிக்கு மேல் ஒரு தலை எட்டிப் பார்த்தது. முடி அரை விரல் நீளம் வளர்ந்திருக்கிறது.

"என்ன பாட்டி, அடுத்த வருஷம் வந்து சேர்றியா?"